ஹான்லே மலையில் விண்மீன் காட்டுவோர்

(வெள்ளிவிழாக் கருத்தரங்கில் நிகழ்த்திய உரை)



வெள்ளிவிழாவில் அறிவியல் குறித்து ஓர் உரை அமைய வேண்டும் என்று விழாக்குழுவினர் பணித்தனர். மாலை வகுப்பு ஆசிரியர் நால்வரும் கூடிப் பேசி இவ்வுரையை ஆக்கினோம். ஆகவே மேடையில் நிற்பவர் ஒருவரே ஆயினும் 'நாங்கள்' என்றே சொல்லிச் செல்வோம். எடுத்துக்கொண்ட பொருள் இரவு வானம். மலைநாட்டில் இருள் கெடாமல் காக்கப்படும் ஓரிடத்தில், உள்ளூர் மக்களே வழிகாட்டிகளாக நின்று வருவோர்க்கு விண்மீன்களைக் காட்டுவதையும், அவ்வானத்தைப் படம்பிடிக்கும் கலையையும் பற்றிப் பேச விரும்புகிறோம். தேர்வுக்கும் வேலைவாய்ப்புக்கும் உதவுகிற பொருளை விடுத்து இதனை ஏன் எடுத்தீர்கள் என்று சிலர் கேட்கக்கூடும். இதிலும் வேலைவாய்ப்பு உண்டு. அந்த வேலை யாருக்குக் கிடைக்கிறது என்பதில்தான் எங்கள் அக்கறை எல்லாம்.

லடாக்கின் தென்கிழக்கே, திபெத்திய எல்லையை ஒட்டி, சாங்தாங் என்னும் உயர்ந்த மேட்டுநிலம் உள்ளது. லே நகரிலிருந்து ஏறத்தாழ 250 கிலோமீட்டர் சென்றால் அம்மேட்டுநிலத்தில் ஹான்லே என்னும் சிற்றூரை அடையலாம். மரமில்லாத மலைகள், நடுவே ஓர் ஆறு, ஆற்றையொட்டிப் புல்வெளி, குன்றின்மேல் 17ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த பௌத்த மடம். ஆடும் யாக் எருமையும் மேய்ப்பதும், பஷ்மீனா மயிர் எடுப்பதும், கோடையில் சிறிது பார்லி விளைவிப்பதுமே அம்மக்களின் வாழ்க்கை. குளிர்காலத்து இரவுகளில் வெப்பம் உறைநிலைக்குக் கீழே 25 பாகைக்கும் இறங்கிவிடும்.

இவ்வூரை அடுத்த மலையொன்றில், கடல்மட்டத்துக்கு மேல் 4,500 மீட்டர் உயரத்தில், பெங்களூரில் உள்ள இந்திய வானியற்பியல் நிறுவனம் ஒரு வானாய்வகம் அமைத்தது. நம் நீலகிரியின் தொட்டபெட்டா 2,637 மீட்டர் என்பதை நினைத்தால் அந்த உயரம் விளங்கும். அங்கே காற்றழுத்தம் நம் கடற்கரையில் இருப்பதில் ஐந்தில் மூன்று பங்கு அளவே. மூச்சு வாங்கும், தலை வலிக்கும். ஆனால் மனிதனுக்குத் துன்பமான அந்த மெல்லிய காற்றே தொலைநோக்கிக்கு நன்மை. காற்றில் உள்ள நீராவியில் பெரும்பகுதி அந்த உயரத்துக்குக் கீழே தங்கிவிடுகிறது. பருவமழை இமயத்தின் தென்புறத்திலேயே பொழிந்து தீர்ந்துவிடுவதால் மேகமும் குறைவு. ஆண்டில் 250 இரவுகள் வரை வானத்தை ஆராயத் தகுந்தவையாக அமைகின்றன. மக்கள் மிகக் குறைவாக வாழ்வதால் செயற்கை ஒளியும் இல்லை.

அம்மலையில் 2 மீட்டர் விட்டமுள்ள ஆடியைக் கொண்ட தொலைநோக்கி ஒன்று 2000ஆம் ஆண்டில் முதன்முதலாக விண்ணொளியைப் பெற்றது. அதன் பெயர் இமாலய சந்திரா தொலைநோக்கி. சந்திரா என்பது நம் சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்று, 1930இல் தம் 19ஆம் அகவையில் கப்பலேறி இங்கிலாந்து சென்று, 1983இல் நோபெல் பரிசு பெற்ற சுப்பிரமணியன் சந்திரசேகர் அவர்களைக் குறிக்கும். அத்தொலைநோக்கியை இயக்குவோர் பெரும்பாலும் மலைமேல் இருப்பதில்லை. பெங்களூரை அடுத்த ஓசகோட்டையில் அமர்ந்து செயற்கைக்கோள் வழியாக அதனைத் திருப்புகின்றனர். படங்களும் அவ்வழியே வந்து சேர்கின்றன. அறிஞர் ஓசகோட்டையில், கருவி ஹான்லேயில். இடையில், கருவியின் காலடியிலேயே தலைமுறை தலைமுறையாக வாழும் ஊர்மக்களுக்கு அதனால் விளைந்தது என்ன?

அக்கேள்விக்கு விடையாக அமைந்ததே நாம் இன்று பேசவந்த செய்தி. 2022ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் லடாக் ஆட்சியகமும், லே மலைப்பகுதி மேம்பாட்டு மன்றமும், வானியற்பியல் நிறுவனமும் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டன. அவ்வாண்டு டிசம்பரில் ஆய்வகத்தை நடுவாகக் கொண்டு ஏறத்தாழ 22 கிலோமீட்டர் ஆரத்துக்கு, 1,073 சதுரக் கிலோமீட்டர் பரப்பு, ஹான்லே இருள்வானக் காப்பகம் என்று அறிவிக்கப்பட்டது. சாங்தாங் வனவிலங்குக் காப்பகத்தின் உள்ளேயே அது அமைந்துள்ளது. காட்டு விலங்குக்குக் காப்பகம் உண்டு என்பது நமக்குத் தெரியும். இருளுக்கும் காப்பகம் உண்டு என்பது பலருக்குப் புதிது. உலகில் அமெரிக்காவின் யூட்டா மாநிலத்தில் 2007ஆம் ஆண்டிலேயே இத்தகைய இருள்வானப் பூங்கா முதலில் ஏற்பட்டது. நம் நாட்டில் மகாராட்டிரத்தின் பெஞ்ச் புலிகள் காப்பகமும் 2024இல் அத்தகைய பன்னாட்டு ஏற்பைப் பெற்றது.

ஆனால் எங்கள் கருத்தைக் கவர்ந்தது பரப்பளவன்று. சுற்றியுள்ள குடியிருப்புகளிலிருந்து 24 பேரைத் தேர்ந்தெடுத்து, வானியல் தூதுவர் என்று பெயரிட்டு, வானியற்பியல் நிறுவனத்தார் பயிற்சி அளித்தனர். அவர்களிற் பெண்களும் உண்டு. பட்டம் பெற்ற வானியலார் எவரும் அவர்களிடை இல்லை. அவர்கள் கையில் தொலைநோக்கிகளைக் கொடுத்து, விண்மீன் காண வருவோர்க்கு நீங்களே வானத்தைக் காட்டுங்கள் என்றனர். வருவோர் அவர்கள் வீடுகளிலேயே தங்குகின்றனர். அவர்கள் சமைத்ததை உண்கின்றனர். இரவில் அவர்கள் முற்றத்திலேயே நின்று வானத்தைக் காண்கின்றனர். அதற்குரிய கட்டணமும் அவ்வீட்டுக்கே சேர்கிறது.

தம்பி தங்கையரே, சுற்றுலா என்று ஒன்று ஓரிடத்துக்கு வரும்போது அவ்விடத்து மக்களுக்கு வழக்கமாகக் கிடைப்பது என்ன என்று எண்ணிப் பாருங்கள். மூட்டை சுமப்பது, அறை பெருக்குவது, வாயிலில் நிற்பது, வண்டி கழுவுவது. எத்தொழிலும் இழிவன்று என்று நாங்கள் உங்களுக்குச் சொல்லித்தான் வந்திருக்கிறோம். ஆயினும் விளக்கிச் சொல்லும் இடத்தில் வெளியூரிலிருந்து வந்த படித்தவர் நிற்பதும், சுமக்கும் இடத்தில் உள்ளூரார் நிற்பதும் இயற்கை விதிபோல் கொள்ளப்பட்டிருக்கிறது. ஹான்லேயில் அது மாற்றிவைக்கப்பட்டது. நகரத்து மருத்துவரும் பொறியாளரும் குளிரில் நடுங்கியவாறு நிற்க, இடையர் வீட்டுப் பெண் ஒருத்தி தொலைநோக்கியைத் திருப்பி, இது சனிக்கோள், அதைச் சுற்றியிருப்பது வளையம் என்று சொல்கிறாள். கேட்பவர் ஐயம் கேட்க, அவள் விடை சொல்கிறாள்.

அவ்வாறு காட்டுவதற்கென்று ஒரு முறை உண்டு. அதனைச் சிறிது விரித்துச் சொல்வோம். முதலில் வழிகாட்டுவோர் தொலைநோக்கியின் பக்கம் எவரையும் விடலாகாது. கண் இருளுக்குப் பழக வேண்டும். வெளிச்சத்திலிருந்து வந்தவனுடைய கண்ணின் பாவை சில நொடிகளில் விரிந்துவிடும். ஆனால் விழித்திரையில் இருளில் காண உதவும் ராடாப்சின் என்னும் பொருள் மீண்டும் நிரம்புவதற்கு 20 முதல் 30 நிமிடம் வேண்டும். அதற்குள் யாரேனும் ஒருவர் கைப்பேசியைத் திறந்தால் அவ்வளவு நேரமும் வீண். செந்நிற ஒளி மட்டும் இப்பொருளை அவ்வளவாகக் கெடுப்பதில்லை. ஆகவேதான் அங்குள்ளோர் செவ்விளக்கையே கையில் கொள்கின்றனர்.

கண் பழகியபின் வெறுங்கண்ணால் திசை அறிதல். ஏழு முனிவர் என்று நாம் சொல்லும் கூட்டத்தின் முன்னிரண்டு மீன்களை நீட்டித் துருவமீனைப் பிடித்தல். அதன்பின் பால்வீதி. வானத்தின் இருளை 1 முதல் 9 வரை படிகளாகப் பிரித்து ஜான் பார்ட்டில் என்னும் அமெரிக்கர் 2001இல் ஓர் அளவுமுறை வகுத்தார். நகரங்கள் 8, 9ஆம் படிகளில் நிற்கும். ஹான்லே முதற்படி. முதற்படி வானத்தில் பால்வீதியின் ஒளியாலேயே தரையில் மெல்லிய நிழல் விழும் என்பர். மங்கிய பொருள்களை நேரே நோக்காமல் சற்று விலகி ஓரக்கண்ணால் நோக்கினால் தெளிவாகத் தெரியும். இருளுணரும் செல்கள் விழித்திரையின் நடுவே இன்றிச் சுற்றிலும் செறிந்திருப்பதே காரணம். இவ்வளவும் ஆனபின்புதான் தொலைநோக்கி.

அத்தொலைநோக்கியைப் பற்றி இங்கே ஒன்று சொல்லாமல் இருக்க முடியவில்லை. ஹான்லே தூதுவர்கள் கையாள்வது டாப்சோனியன் என்னும் எளிய வகை. ஜான் டாப்சன் என்பவர் சான்பிரான்சிஸ்கோவில் ஒரு வேதாந்த மடத்தில் துறவியாக இருந்தவர். கழித்துப்போட்ட கப்பற் பலகணிக் கண்ணாடியைத் தேய்த்து ஆடியாக்கி, அட்டைக்குழாயில் பொருத்தி, ஒட்டுப்பலகைப் பெட்டியின்மேல் சுழலுமாறு வைத்துத் தொலைநோக்கி செய்தார். 1967இல் மடத்தைவிட்டு வெளியேறிய அவர், 1968இல் நண்பர்களுடன் நடைபாதை வானியலார் என்ற அமைப்பைத் தொடங்கி, நடைபாதையில் கருவியை நிறுத்திப் போவோர் வருவோரையெல்லாம் அழைத்து நிலவைக் காட்டினார். காசு வாங்கவில்லை. 2014இல் தம் 98ஆம் அகவையில் மறையும் வரை அவர் இதனையே செய்தார். செல்வர் வீட்டுக் கருவியாக இருந்ததைத் தெருவுக்குக் கொண்டுவந்த அவரை நாங்கள் ஆசிரியர் கூட்டத்தில் சேர்த்தே எண்ணுகிறோம்.

இங்கே இருளைப் போற்றிப் பேசுகிறோமே என்று மூத்தோர் சிலர் மனம் வருந்தக்கூடும். அவ்வருத்தம் நியாயமானது. ஊர்த்தெருவில் மின்விளக்கு எரியத் தொடங்கிப் பல்லாண்டு கழித்தே நம் குடியிருப்புக்குக் கம்பம் நட்டார்கள். விளக்குக்காக மனுமேல் மனு எழுதிய கைகள் இவ்வவையில் இருக்கின்றன. பாம்புக்கும் பள்ளத்துக்கும் அஞ்சி நடந்த அந்த இருட்டை யாரும் அழகு என்று சொல்ல நாங்கள் விடமாட்டோம். ஹான்லேயில் செய்வது வேறு. அங்கே விளக்கை அணைத்துவிட்டு வாழுங்கள் என்று மக்களுக்கு யாரும் சொல்லவில்லை. விளக்கின்மேல் மூடி இட்டு ஒளியைத் தரைநோக்கித் திருப்பினர்; பலகணிகளுக்குக் கனத்த திரை தந்தனர்; வாகனங்கள் முகப்பொளியைத் தாழ்த்திச் செல்ல வேண்டும் என்றனர். வீட்டுக்குள் ஒளி, வழியில் ஒளி, வானத்தில் இருள். சிந்திப் பார்த்தால் வானத்துக்குப் போகும் வெளிச்சம் நாம் பணம் கொடுத்து வாங்கி மேலே கொட்டும் மின்சாரமே. நம் தெருவில் புதிதாக விளக்குப் போடும்போது மூடியுள்ள விளக்காகக் கேட்டு வாங்குங்கள். வெளிச்சம் நமக்கு விழும்.

இனிப் படம்பிடிக்கும் கலைக்கு வருவோம். இளைஞர்கள் காத்திருப்பது இதற்கே என்று அறிவோம்.

பகற்படத்தில் ஷட்டர் நொடியின் நூற்றில் ஒரு பங்கு நேரம் திறந்தால் போதும். இரவில் அது 10, 15, 20 நொடி திறந்திருக்க வேண்டும். அத்தனை நேரம் கருவியைக் கையில் அசையாமல் பிடிக்க எவராலும் ஆகாது. ஆகவே முதற்செலவு முக்காலி. கருவி விலையுயர்ந்ததாக இருப்பதினும் முக்காலி ஆட்டமில்லாததாக இருப்பது முக்கியம். லென்ஸ் அகன்ற காட்சி தருவதாக இருக்க வேண்டும். அதன் துளை இயன்றவரை பெரிதாக, எஃப் 2.8 அல்லது அதனினும் சிறிய எண்ணில், திறந்திருக்க வேண்டும். ஒளியுணர்வு ஐ.எஸ்.ஓ. 1600இல் தொடங்கி 3200, 6400 வரை வைத்துப் பார்க்கலாம். தானாகக் குவியும் வசதியை நிறுத்திவிட்டு, பிரகாசமான மீன் ஒன்றைத் திரையில் பெரிதாக்கி, அது மிகச் சிறிய புள்ளியாகும் வரை கையால் குவிக்க வேண்டும். பொத்தானை அழுத்தும் விரலே கருவியை அசைத்துவிடும். எனவே 2 நொடி கழித்துத் தானே திறக்குமாறு வைத்துவிட்டுக் கையை எடுத்துவிடுக. படத்தை ரா என்னும் மூலவடிவில் சேமித்தால் பின்பு திருத்துவதற்கு இடமுண்டு.

எத்தனை நொடி திறப்பது? இங்கேதான் படப்பிடிப்பு வானியலாக மாறுகிறது. பூமி 24 மணியில் 360 பாகை சுழல்கிறது. அதாவது மணிக்கு 15 பாகை. நாம் அசையாமல் நின்றாலும் நம்மைச் சுமந்த பூமி அசைகிறது. ஆகவே நெடுநேரம் திறந்தால் புள்ளியாக விழவேண்டிய மீன் கோடாக விழும். கோடாகாமல் காக்க ஒரு கணக்கு வழக்கத்தில் உண்டு: 500ஐ லென்ஸின் குவிய நீளத்தால் வகுக்க. 20 மில்லிமீட்டர் லென்ஸ் ஆயின் 25 நொடி. 50 மில்லிமீட்டர் ஆயின் 10 நொடி. இது முழுச்சட்டக் கருவிக்கு உரிய கணக்கு. சிறிய உணரி உள்ள கருவிக்கு இன்னும் குறைத்துக்கொள்க. மாறாக, கோடே வேண்டும் என்பாரும் உளர். அவர்கள் துருவமீனை நோக்கிக் கருவியை நிறுத்தி, ஒன்றன்பின் ஒன்றாக நூறு நூற்றைம்பது படங்கள் எடுத்துக் கணிப்பொறியில் அடுக்குகின்றனர். துருவமீன் நடுவில் நிற்க, மற்றவை எல்லாம் வட்டம் வட்டமாகச் சுழன்ற சுவடு தெரியும். பூமி சுழல்கிறது என்பதற்குப் பாடநூலில் உள்ள பத்து வரிகளைவிட அந்த ஒரு படம் மாணவனுக்கு உறைக்கும்.

ஹான்லே ஆய்வகத்தின் பொறுப்புப் பொறியாளர் தோர்ஜே ஆங்சுக் அவர்கள் லடாக் மண்ணில் பிறந்தவர். இரவு வானத்தைப் படம்பிடிப்பதில் பெயர் பெற்றவர். அவர் 2025இல் வெளியிட்ட ஒரு சலனப்படம் இக்கருத்தை மறுதலையாகக் காட்டியது. விண்மீன்களோடு சேர்ந்து திரும்புமாறு கருவியை அமைத்து அவர் எடுத்த அப்படத்தில் வானம் அசையாது நிற்கிறது; மலையும் நிலமும் உருண்டு செல்கின்றன. உண்மையில் நிகழ்வது அதுதான். 2024 மே மாதம் 10, 11ஆம் நாள்களில் கதிரவனிலிருந்து எழுந்த பெரும்புயல் பூமியைத் தாக்கியபோது, துருவநாடுகளில் காணும் ஒளியின் செந்நிறச் சாயல் ஹான்லே வானத்தின் ஓரத்திலும் கருவிகளில் பதிவாயிற்று. 2023 முதல் வானியற்பியல் நிறுவனத்தார் ஆண்டுதோறும் அமாவாசையை ஒட்டிப் படப்பிடிப்பாளர்களையும் ஆர்வலர்களையும் அங்கே கூட்டிவைக்கின்றனர்.

குளிரில் மின்கலம் விரைவில் வலுவிழக்கும். ஆகவே அங்கே செல்வோர் மாற்று மின்கலத்தைச் சட்டைக்குள் உடம்போடு ஒட்டி வைத்துக்கொள்வர். நம் மலைகளில் துன்பம் வேறு. பின்னிரவில் லென்ஸின்மேல் பனி படிந்துவிடும். வெதுவெதுப்பான துணியை லென்ஸைச் சுற்றிக் கட்டிவைத்தால் சிறிது நேரம் தாக்குப்பிடிக்கும். விலையுயர்ந்த கருவி இல்லாதோர் மனம் தளர வேண்டா. இன்றைய கைப்பேசிகள் பலவற்றில் ஷட்டரை 10 நொடி, 30 நொடி திறந்துவைக்கும் வசதி உண்டு. முக்காலி இல்லையேல் இரண்டு செங்கலுக்கு நடுவே கைப்பேசியைச் சாய்த்துவைத்து எடுக்கலாம். நம் மாணவர் எடுத்திருக்கின்றனர்.

வழிகாட்டுவோர்க்குப் படம் பற்றி ஒரு கடமை உண்டு. படத்தில் பால்வீதி ஊதாவும் பொன்னிறமுமாக மின்னும். கண்ணுக்கு அது வெண்சாம்பல் நிறமாகவே தெரியும். மங்கிய ஒளியில் நிறம் காணும் ஆற்றல் மனிதக் கண்ணுக்கு இல்லை. கருவியோ இருபது நொடி ஒளியைச் சேர்த்துவைத்துக் காட்டுகிறது. இதனை முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். இல்லையேல் படத்தைப் பார்த்து வந்தவர் வானத்தைப் பார்த்து, இவ்வளவுதானா என்பார். படத்தை அழகுபடுத்த இல்லாத மீனைச் சேர்ப்பாரும் உளர், அது பொய்.

நிறம் என்றதும் ஒரு பெரியாரை நினைக்கிறோம். விண்மீன்கள் எல்லாம் வெள்ளை அல்ல. திருவாதிரை சிவப்பு, சித்திரை நீலவெண்மை. நிறமும் நிறமாலையும் மீனின் வெப்பத்தைச் சொல்கின்றன என்பதை அளவிட்டறியும் சமன்பாட்டை 1920இல் தந்தவர் மேகநாத் சாகா. டாக்காவை அடுத்த சிற்றூரில் 1893இல், ஏழைக் கடைக்காரர் ஒருவர் வீட்டில் பிறந்தவர். கல்கத்தாவில் பயின்றபோது, தாழ்ந்த சாதி என்று சொல்லி விடுதி மாணவர் சிலர் அவரோடு உண்ண மறுத்தனர். அவர் சமன்பாடு இன்றி இன்று எந்த நாட்டு வானாய்வகமும் ஒரு மீனின் நிறமாலையைப் படிக்க முடியாது. நாட்டுக்கு ஒரே நாட்காட்டி வகுக்க அரசு 1952இல் அமைத்த குழுவுக்குத் தலைமை ஏற்றவரும் அவரே. நாள் குறித்துச் சொல்லும் உரிமை தமக்கே என்றிருந்த நாட்டில் அது சிறு செய்தியன்று.

அபிஜித்து என்று நம் முன்னோர் சொன்ன மீனை மேலைநாட்டார் வேகா என்பர். அதன் ஒளி நம்மை வந்தடைய 25 ஆண்டுகள் ஆகின்றன. நம் கழகம் ஓலைக்கூரையின்கீழ் முதல் மாலை வகுப்பைத் தொடங்கிய நாள்களில் அங்கிருந்து புறப்பட்ட ஒளிதான் இவ்வாண்டு நம் கண்ணை வந்தடைகிறது. விழாக்குழுவினர் அதனையும் அழைப்பிதழில் சேர்த்திருக்கலாம்!

ஹான்லேக்குப் போய்த்தான் வானம் பார்க்க வேண்டும் என்று எண்ணாதீர்கள். ஓரிடத்தின் அட்சரேகை எத்தனை பாகையோ, அத்தனை பாகை உயரத்தில் துருவமீன் நிற்கும். ஹான்லேயில் அது 33 பாகை; சென்னையில் 13; குமரியில் 8. வடவானத்தை அவர்கள் உயரக் காண்கின்றனர்; தென்வானம் நமக்கு உயர்கிறது. தென்சிலுவை என்னும் கூட்டம் ஹான்லேயில் தொடுவானுக்குக் கீழே மறைந்துவிடும். நமக்குச் சித்திரை வைகாசி முன்னிரவுகளில் தெற்கே நன்கு தெரியும். கதிரவனை விட்டால் நமக்கு மிக அண்மையிலுள்ள ஆல்பா செண்டாரி, 4.4 ஒளியாண்டுத் தொலைவில் உள்ளது. அதுவும் நம் வானத்தில் உண்டு, அவர்கள் வானத்தில் இல்லை. பால்வீதியின் நடுப்பகுதிகூட நமக்கு அவர்களைவிட 20 பாகை உயர்ந்தே நிற்கிறது. அவர்களிடம் உள்ளது இருள், உலர்ந்த காற்று. நம்மிடம் உள்ளது தென்வானம்.

அத்தென்வானத்தை நாடித்தான் ஆலங்காயத்துக்கு அப்பால், நம் ஜவ்வாது மலையிலே, காவலூரில் வைணு பாப்பு அவர்கள் 1960களின் பிற்பகுதியில் ஆய்வகம் ஏற்படுத்தினார். 1977 மார்ச் 10ஆம் நாள் யுரேனஸ் கோள் ஒரு விண்மீனை மறைத்தபோது, அக்கோளுக்கு வளையம் உண்டு என்று காட்டிய ஒளிமங்கல் காவலூரிலும் பதிவாயிற்று. 1986இல் அங்கே 2.3 மீட்டர் தொலைநோக்கி தொடங்கப்பட்டது. இப்போது இன்னொரு செய்தி: கொல்லிமலையில் இருள்வானப் பூங்கா ஒன்று அமைக்கப்படும் என்று தமிழ்நாடு அரசு 2023இல் அறிவித்தது. அம்மலையில் வாழ்வோரில் பெரும்பாலோர் மலையாளிப் பழங்குடி மக்கள். பூங்காக்கள் வரும்போது, தொலைநோக்கியின் பக்கத்தில் யார் நிற்பார்? கொல்லிமலைப் பெண்ணா, வெளியிலிருந்து சீருடையோடு வந்த நிறுவனத்துப் பணியாளரா? மலையடிவார ஊர்களில் வாழும் நம் பிள்ளைகள் அங்கே வண்டி நிறுத்துமிடத்தில் சீட்டுக் கிழிப்பார்களா, வானத்தைக் காட்டுவார்களா? ஹான்லேயில் முதலிலேயே உள்ளூராரைத் தேடிப் பயிற்றினர். நம்மிடத்தில் யாரேனும் தேடி வருவார் என்று காத்திராமல், கற்றுவைத்துக்கொண்டு மனுச் செய்வது நலம் என்பது எங்கள் கருத்து. மனு எழுதுவதில் நமக்கு இருபத்தைந்து ஆண்டுப் பழக்கம் உண்டு.

ஆகவே மாலை வகுப்பில் வானியல் வட்டம் ஒன்றை இவ்வாண்டு தொடங்குகிறோம். எட்டாம் வகுப்புக்கு மேற்பட்ட மாணவ மாணவியர் சேரலாம், தொழிற்சாலையில் பணிபுரியும் இளைஞரும் சேரலாம், கட்டணம் இல்லை. பெண் பிள்ளைகளை அனுப்பத் தயங்கும் பெற்றோர் உடன் வந்து அமரலாம். அவர்களும் வானம் பார்த்துச் செல்லலாம். முதல் ஆறு மாதம் வெறுங்கண்ணால் மட்டுமே. தொலைநோக்கி வாங்க உண்டியல் ஒன்று கழக அலுவலகத்தில் வைக்கப்பட்டுள்ளது.

முதற்கூட்டம் சித்திரை அமாவாசையை அடுத்த சனிக்கிழமை, இரவு 8 மணிக்கு, ஏரிக்கரைத் திடலில். அன்று 9 மணி அளவில் தெற்கே சிலுவையும், சற்றுப் பொறுத்து வடகிழக்கே அபிஜித்தும் காணலாம். வருவோர் அமர ஒரு பாயும், குடிக்கத் தண்ணீரும், சிவப்புக் காகிதம் ஒட்டிய கைவிளக்கும் கொண்டுவருக. கைப்பேசியைச் சட்டைப்பையிலேயே வைத்திருக்கவும். மேகம் மூடினால் அடுத்த சனிக்கிழமை.